நிலவில் விட்டுவந்த கேமராக்கள்

நிலவின் மண்ணில் பஸ் ஆல்ட்ரின் நிற்கும் அந்தப் படத்தைப் பார்க்காதவர்கள் குறைவு. அவருடைய தலைக்கவசக் கண்ணாடியில், படம் எடுத்துக்கொண்டிருக்கும் நீல் ஆர்ம்ஸ்ட்ராங்கும் அவர்கள் வந்திறங்கிய ‘ஈகிள்’ கலமும் சின்னதாகத் தெரியும். 1969இல் எடுத்த படம். இன்றைக்குச் சுவரளவு பெரிதாக்கினாலும் அதன் தெளிவு அசத்துகிறது. எடுத்தது சுவீடன் நாட்டு ஹாஸல்பிளாட், ஒரு மீடியம் ஃபார்மட் கேமரா.

சாதாரண 35 மில்லிமீட்டர் ஃபிலிமில் ஒரு படத்தின் அளவு 24க்கு 36 மில்லிமீட்டர். ஹாஸல்பிளாடில் விழுவதோ ஏறக்குறைய 55 மில்லிமீட்டர் சதுரம். பரப்பில் மூன்றரை மடங்கு. நெகட்டிவ் பெரிதாக இருந்தால் பிரிண்ட் போடும்போது அவ்வளவாகப் பெருக்க வேண்டியதில்லை. ஃபிலிமின் துகள்கள் உறுத்தாது, நிழலுக்குள் இருக்கும் விவரமும் கெடாது.

ஆனால் அளவு மட்டும் இந்தக் கேமராவை நிலவுக்கு அனுப்பவில்லை. 1948இல் விக்டர் ஹாஸல்பிளாட் வெளியிட்ட முதல் மாடலிலேயே லென்ஸ், ஃபிலிம் மேகசின், வியூஃபைண்டர் எல்லாவற்றையும் தனித்தனியே கழற்றி மாட்டலாம். விண்வெளிக்குப் பொருத்தமாக அதை மாற்றியமைக்க முடிந்ததற்கு இதுவே அடிப்படை.

1962 பிப்ரவரியில் பூமியைச் சுற்றிய ஜான் க்ளென், ஒரு மருந்துக்கடையில் வாங்கிய 35 மில்லிமீட்டர் கேமராவைத்தான் கொண்டுபோனார். அதே ஆண்டு அக்டோபரில் புறப்பட்ட வால்டர் ஷிரா, ஹூஸ்டன் கடையொன்றில் ஹாஸல்பிளாட் 500சி வாங்கினார். வெளிச்சம் பட்டு மின்னாதபடி அதற்குக் கறுப்புப் பூச்சு அடித்தார்கள். கூடுதல் ஃபிலிம் கொள்ளும் மேகசினைப் பொருத்தினார்கள்.

அப்போலோ 11இல் நிலவின் தரையில் பயன்பட்ட கேமராவின் கதை இன்னும் சுவையானது. கடும் வெப்பத்தையும் குளிரையும் சமாளிக்க அதற்கு வெள்ளி நிறம். மார்புப் பகுதியில் மாட்டிக்கொண்டு, உடம்பையே திருப்பிக் குறிபார்க்க வேண்டும். குனிந்து பார்க்க வியூஃபைண்டர் கிடையாது. லென்ஸ் ஸைஸ் நிறுவனத்தின் 60 மில்லிமீட்டர் பயோகான், கோணல் மிகக் குறைந்தது. ஃபிலிமுக்கு ஒட்டினாற்போல் முன்னால் ஒரு கண்ணாடித் தகடு, அதில் 10 மில்லிமீட்டருக்கு ஒன்றாகச் சின்னச் சின்னக் கூட்டல் குறிகள். நிலவுப் படங்களில் நாம் பார்க்கும் குறிகள் இவைதான். படத்திலிருந்து தூரத்தையும் உயரத்தையும் அளக்க அவை உதவின. ஃபிலிம் நகரும்போது கண்ணாடியில் உராய்ந்து நிலைமின்சாரம் தேங்கி, பொறி பறந்து படம் கெட்டுவிடக்கூடும். அதற்காகக் கண்ணாடியின் மேல் மின்சாரத்தைக் கடத்தும் மெல்லிய பூச்சு ஒன்றையும் கொடுத்தார்கள். இந்த முன்யோசனைக்கு எத்தனை பாராட்டும் தகும்.

அன்று கேமரா பெரும்பாலும் ஆர்ம்ஸ்ட்ராங் வசமே இருந்தது. அதனால் முதலில் கால்வைத்தவருக்கு நிலவில் எடுத்த நல்ல படங்கள் மிகக் குறைவு.

திரும்பும்போது எடை ஒரு பிரச்சினை. நிலவுக் கற்களைக் கொண்டுவர இடம் வேண்டும். மேகசினை மட்டும் கழற்றி எடுத்துக்கொண்டு கேமராவை அங்கேயே விட்டுவிட்டார்கள். அப்போலோ பயணங்களில் இப்படி விடப்பட்ட ஹாஸல்பிளாட்கள் 12. கொண்டுவந்த ஃபிலிம் சுருள்கள் ஹூஸ்டனில் உறைகுளிர் அறையில் பாதுகாக்கப்படுகின்றன.

நேயர்களே, இந்தச் சதுரப் படம் நம் வீடுகளுக்கும் புதிதல்ல. கோடாக் 1901இல் கொண்டுவந்த 120 ரோல் ஃபிலிமைத்தான் அக்காலத்து ஸ்டூடியோக்காரர்களும், அக்ஃபா கிளிக் வைத்திருந்த குடும்பங்களும் பயன்படுத்தினார்கள். ஒரு ரோலுக்கு 12 படம். தாத்தா பாட்டியின் கல்யாண நெகட்டிவ்கள் உங்கள் வீட்டுப் பரணில் இருந்தால், தயவுசெய்து தூக்கி எறியாதீர்கள். விளிம்பை மட்டும் பிடித்து எடுத்து, காகித உறையிலிட்டு, ஈரம் படாத இடத்தில் வையுங்கள். நல்ல ஸ்கேனரில் போட்டுப் பாருங்கள். பழைய சின்ன பிரிண்டில் தெரியாத புடவைக் கரையும், பின்னால் நிற்கும் உறவினர் முகமும் அதில் தெரியும்.