பாடியவர்கள் தலைமறைவு, கேமரா எங்கே?



'அண்டர்கிரவுண்ட்' இசை என்றதும் நமக்கு ராப் நினைவுக்கு வரும், கிராஃபிட்டி வரைந்த சுவர் நினைவுக்கு வரும், பெரிய கம்பெனிகளுக்கு விலைபோகாத குழுக்கள் நினைவுக்கு வரும். நம் நாட்டில் அந்தச் சொல்லுக்கு இன்னொரு பொருளும் உண்டு. பாடியதற்காக ஒளிந்து வாழ்வது. அதைப் பதிவு செய்த படம் ஆனந்த் பட்வர்தனின் 'ஜெய் பீம் காம்ரேட்'.

1997 ஜூலை 11. மும்பை காட்கோபரில் உள்ள ரமாபாய் நகர். அங்கிருந்த அம்பேத்கர் சிலைக்கு யாரோ செருப்பு மாலை போட்டிருந்தார்கள். மக்கள் திரண்டார்கள். ரிசர்வ் போலீஸ் சுட்டதில் 10 பேர் இறந்தார்கள். நான்கு நாள் கழித்துப் பாடகர் விலாஸ் கோக்ரே தன் உயிரை மாய்த்துக்கொண்டார்.

பட்வர்தனின் 'ஹமாரா ஷஹர்' படத்தில் பாடியவர் விலாஸ். அந்தச் சாவுக்குக் காரணம் தேடிப் போன கேமரா 14 ஆண்டுகள் திரும்பவில்லை. இடதுசாரி மேடைகளில் பாடிவந்த விலாஸ் தன் அமைப்பிலிருந்து நீக்கப்பட்டவர். இறக்கும்போது தலையில் நீலத் துணி கட்டியிருந்தார். வர்க்கம் பேசும் மேடையில் சாதிக்கு எவ்வளவு இடம் என்று படம் தயங்காமல் கேட்கிறது.

ஒரு வாரத்தில் எடுத்திருந்தால் துப்பாக்கிச்சூட்டைப் பற்றிய செய்திப்படம் ஒன்று கிடைத்திருக்கும். காத்திருந்ததால் பாட்டு கிடைத்தது. தெருமுனையிலும் பந்தலிலும் அம்பேத்கரைப் பாடும் ஷாஹிர்கள் கிடைத்தார்கள். அவர்களுக்குப் பின் வந்த புனேயின் கபீர் கலா மஞ்ச் இளைஞர்களும் கிடைத்தார்கள்.

2002 குஜராத் படுகொலைக்குப் பிறகு உருவான குழு அது. சாதிக்கு எதிராகப் பாடினார்கள், மாவோயிஸ்ட் முத்திரை விழுந்தது. 2011இல் தலைமறைவானார்கள். படம் மக்களிடம் வந்தபோது ஷீத்தல் சாத்தே திரையில் பாடிக்கொண்டிருந்தார். கூட்டத்தில் வந்து உட்கார அவரால் முடியவில்லை. 2013 ஏப்ரலில் அவரும் சச்சின் மாலியும் மகாராஷ்டிரச் சட்டமன்றத்தின் முன் வந்து நின்றார்கள். சரணடையவில்லை, இது சத்தியாகிரகம் என்றார்கள். ஷீத்தல் அப்போது கர்ப்பிணி. சச்சினுக்கு ஜாமீன் கிடைக்க 2017 ஆகிவிட்டது.

படம் அவர்களைக் காப்பாற்றியதா? இல்லை. ஆனால் அவர்களுக்காக ஒரு பாதுகாப்புக் குழு உருவானது, அதில் பட்வர்தனும் இருந்தார். படம் முடிந்த பிறகும் ஒரு இயக்குநருக்கு வேலை இருக்கிறது என்பதற்கு அதுவே சாட்சி.

இன்னொன்றையும் பேசியாக வேண்டும். பட்வர்தன் தலித் அல்ல. அவர் பெயர் நமக்கு நினைவிருக்கும் அளவுக்கு விலாஸின் பெயர் நினைவிருக்கிறதா? பார்வையாளர்களான நம்மிடமும்தான் இந்தக் கேள்வி.

இன்று உங்கள் எல்லோர் கையிலும் கேமரா இருக்கிறது. போராட்டப் பாட்டு என்றால் உடனே எடுக்கிறோம், பதிவேற்றுகிறோம், நகர்ந்துவிடுகிறோம். பாடியவரின் பெயரைப் போடுங்கள். முகம் வரலாமா என்று அவரிடமே கேளுங்கள். நாளைக்கு அந்தப் பாட்டுக்காக அவர்மீது வழக்கு வந்தால் நீதிமன்ற வாசலில் நாம் நிற்போமா என்று யோசித்துவிட்டு ரெக்கார்டு பட்டனை அழுத்துங்கள்.