மூன்று முறை பொன்

(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



மோட்டார், பம்ப்செட் என்று பிழைப்பு நடத்துகிறவனுக்குச் சிலப்பதிகாரத்தில் என்ன வேலை என்று கேட்பீங்க. நமக்கும் பாத்தியதை உண்டுங்க. கண்ணகிக்கு விழா எடுத்தவர்களில் கொங்கு இளங்கோசரும் உண்டு என்று அந்நூலின் உரைபெறு கட்டுரையே சொல்கிறது.

மணமான புதிதில் கோவலன் கண்ணகியைப் பொன் என்கிறான்; முத்து, கரும்பு, தேன் என்று அடுக்குகிறான். கேட்க இனிக்கிறது. ஆனால் அந்த மனையறம்படுத்த காதை முடிகிற இடத்தைப் பாருங்க. பாம்புகள் பின்னியதுபோல் தழுவி, மண்ணில் எதுவும் நிலையாது என்று கண்டுவிட்டவர்கள்போல் இன்பம் துய்த்தார்களாம். காதலுக்குச் சொன்ன உவமைக்குள்ளேயே சாவு வந்து உட்கார்ந்துவிட்டது.

பிறகு மதுரை. வரப்போவதை அறிந்த வையை, பூவாடை போர்த்திக் கண்ணீரை மறைக்கிறாள். இவர்களோ பூ ஓடும் ஆறு என்று வியந்து கடக்கிறார்கள். கோட்டைக் கொடிகள் ‘வராதே’ என்று கை காட்டுவதுபோல் அசைகின்றன. நம்ம பாஷையில் சொன்னால், அபாய விளக்கு எரிகிறது. படிக்கிற நமக்குத் தெரிகிறது, போகிறவர்களுக்குத் தெரியவில்லை.

கொலைக்களக் காதையில், சிலம்பு விற்கக் கிளம்புமுன், கோவலன் மறுபடி அவளைப் பொன்னே என்று அழைக்கிறான். அடுத்து அந்தச் சொல்லைக் கண்ணகிதான் சொல்கிறாள், வெட்டுண்ட அவன் உடலைப் பார்த்து. பொன் போன்ற மேனி புழுதியில் கிடப்பதா என்று கதறுகிறாள். ஒரே பொன்தான், முதலில் கொஞ்சல், பிறகு விடைபெறல், கடைசியில் ஒப்பாரி. ஒப்பாரி என்ற சொல்லிலேயே ‘ஒப்பு’ இருக்கிறதுங்களே! எங்க ஊர்ப் பக்கம் இழவு வீட்டில் ‘தங்கமே’ என்று அழுகிற பெண்களுக்கு யாரும் உவமை இலக்கணம் சொல்லித் தரவில்லை.

என்னை உறுத்துவது அந்த முதல் பொன்னுக்கும் இரண்டாவது பொன்னுக்கும் நடுவே உள்ள காலம். கோவலன் மாதவி வீட்டில் இருந்த அத்தனை நாளும் கண்ணகி காதில் அந்தச் சொல் விழவில்லை.

நம்ம பேட்ச்சில் இரண்டு பேர் இன்று நம்மோடு இல்லை. அவர்களைப் பற்றி நாம் பேசிய நல்ல வார்த்தைகளில் பாதியைக்கூட அவர்கள் கேட்டதில்லை. நாமும் சைட், ஷிப்ட், டெலிவரி என்று ஓடிக்கொண்டே இருக்கிறோம். இன்றைக்கு வீட்டுக்குப் போனதும் சொல்ல வேண்டியதைச் சொல்லிடுங்க. மூன்றாவது பொன்னை அவர்கள் கேட்கப் போவதில்லை.