பதிவாகாத அலை



இந்த மேடையில் மாலை போட்டு வைத்திருக்கும் தோழரின் படம் ஒரு குழுப் படத்திலிருந்து வெட்டி எடுத்தது. உற்றுப் பார்த்தால் அவர் தோளில் இன்னொருவர் கை தெரியும். கடலூர் மாவட்டத்தில் சேரி சேரியாக அலைந்தவரைத் தனியாக ஒரு படம் எடுத்துவைக்க எங்களுக்குத் தோன்றவில்லை. அதனால்தான் இன்று ஒரு கேமராவைப் பற்றிப் பேச வந்திருக்கிறோம்.

ஆர்.வி.ரமணி பூனா திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தவர். பின்னணிக் குரல், புள்ளிவிவரம், அதிகாரி பேட்டி என்று ஆவணப்படத்துக்குப் பழகிய நமக்கு அவர் படங்கள் சட்டென்று பிடிபடாது. 2004 டிசம்பர் 26 அன்று கடற்கரையில் படம்பிடித்துக்கொண்டிருந்தபோதே அலை வந்தது. அவர் பிழைத்தார்; கேமரா போயிற்று. கடைசியாகப் பதிவானதை மீட்க முடியவில்லை. அந்தக் கேமராவை நினைத்து 2011இல் அவர் எடுத்ததுதான் 'மை கேமரா அண்ட் சுனாமி'.

சிதம்பரத்தில் அதைப் போட்டுப் பார்த்தபோது எங்களில் சிலருக்குக் கோபம் வந்தது. கடலூர் மாவட்டத்தில் மட்டும் 600 பேருக்கு மேல் செத்திருக்க, கேமராவுக்கா துக்கம்? நியாயமான கோபம்தான். ஆனால் கிள்ளைப் பக்கமிருந்து வந்திருந்த ஓர் அக்கா வேறு மாதிரி சொன்னார்: "அவரு எடுத்தது அழிஞ்சிபோச்சின்னா எல்லாரும் நம்புறாங்க. எங்களுக்குப் போனதை யாரு நம்புனா?"

பிச்சாவரம் கழிமுகத்தில் தண்ணீருக்குள் உட்கார்ந்து கையால் தடவி இறால் பிடிக்கிறவர்கள் இருளர்கள். படகும் வலையும்தான் இழப்பு என்று எண்ணிய இடத்தில், வெறுங்கையால் பிழைத்தவர் எதைக் காட்டுவார்? மீன்கூடை சுமந்த, கரையோர வயலில் கூலிக்குப் போன தலித்துகளுக்கும் இதே கதிதான். நாகையில் பிணம் தூக்கிய துப்புரவுத் தொழிலாளர்கள் படங்களில் இருக்கிறார்கள், பெயர் இல்லாமல்.

ரமணி தலித் சினிமா எடுத்தார் என்று நாங்கள் சொல்ல வரவில்லை. பதிவு இல்லை என்பதையே வைத்து ஒரு படம் எடுக்கலாம் என்று காட்டினார். பரிசோதனை சினிமா வசதியானவர்களின் விளையாட்டு என்று நாங்களும் பேசியிருக்கிறோம்; அந்தப் பேச்சை இப்போது திரும்பப் பெறுகிறோம். சான்று கேட்கப்பட்டே தோற்றவர்களுக்கு அந்த வடிவம் தேவைப்படுகிறது.

அடுத்த வாரம் எங்கள் பிள்ளைகள் இரண்டு பேர் செல்போனோடு கிள்ளைக்குப் போகிறார்கள். தண்ணீர் எதுவரைக்கும் ஏறியது என்று கைவைத்துக் காட்டுவதாக அக்கா சொல்லியிருக்கிறார். அந்தச் சுவர் இப்போது இல்லை. பரவாயில்லை, கையை எடுத்தால் போதும் என்று சொல்லி அனுப்புகிறோம்.