“முடியாது”ன்னு பதில் வரணும்: கிளவுட் பர்மிஷனை டெஸ்ட் பண்ற கதை

(எபிசோடின் எழுத்து வடிவம். வாசிப்பதற்காகச் சற்றே சுருக்கித் தொகுக்கப்பட்டது.)

கிளவுட்ல யார் எதைச் செய்யலாம்னு எழுதி வைக்கிறோமே, அந்த ஆக்சஸ் பாலிசியைப் பத்தித்தான் இன்னிக்குப் பேசப்போறோம். அதை எழுதறது எப்படின்னு சொல்ல நிறைய வீடியோ இருக்கு. எழுதினது சரியான்னு டெஸ்ட் பண்றதைப் பத்தி ரொம்பப் பேர் பேசறதில்லை. நானும் பல வருஷம் டெஸ்ட் பண்ணினதில்லை. எப்போ பண்ண ஆரம்பிச்சேன்ங்கிற கதையிலிருந்தே தொடங்கறேன்.

ராத்திரி பதினொன்றரைக்குப் போட்ட ஸ்டார்

நான் முன்னாடி வேலை பார்த்த ஒரு கம்பெனி. பேர் வேண்டாம். ஸ்டேஜிங்ல சேர்ந்துபோன பழைய ஃபைல்களை அழிக்க ஒரு சின்ன ஸ்கிரிப்ட் எழுதினோம். அதுக்கு ஏ.டபிள்யூ.எஸ்.ல ஒரு ஐ.ஏ.எம். ரோல். ஸ்கிரிப்ட் எஸ்3 பக்கெட்டைத் தொட்டாலே “ஆக்சஸ் டினைட்”. மறுநாள் காலையில ரிலீஸ்.

ரிசோர்ஸ்ல பக்கெட் பேரைப் போட்டேன். லிஸ்ட் வந்துச்சு, ஆனா அழிக்க முடியலை. பேருக்குப் பின்னாடி ஸ்லாஷ் ஸ்டார் போட்டேன். இப்போ அழிக்க முடிஞ்சிருக்கும், ஆனா லிஸ்டே வரலை. காரணம் ரொம்ப எளிசு. லிஸ்ட் பக்கெட்ங்கிற ஆக்‌ஷன் பக்கெட் மேல நடக்கிறது, டெலீட் ஆப்ஜெக்ட் அதுக்குள்ள இருக்கிற ஃபைல் மேல நடக்கிறது. ரெண்டுக்கும் ரிசோர்ஸைத் தனித்தனியா எழுதணும். இன்னிக்குத் தெரியுது. அன்னிக்கு ராத்திரி பதினொன்றரை மணிக்குத் தெரியலை. ஆக்‌ஷன்ல “எஸ்3 கோலன் ஸ்டார்”, ரிசோர்ஸ்ல வெறும் “ஸ்டார்”. ஓடிடுச்சு. நாளைக்குச் சரி பண்ணிக்கலாம்னு லேப்டாப்பை மூடினேன்.

அந்த நாளைக்கு வரவே இல்லை.

மூணு மாசம் கழிச்சு, டீம்ல புதுசா சேர்ந்த ஒரு பொண்ணு அந்த ஸ்கிரிப்டை ஓட்டினா. என்விரான்மென்ட் வேரியபிள்ல பக்கெட் பேர் மாறியிருந்தது. ஸ்டேஜிங்குக்குப் பதிலா புரொடக்‌ஷன். கஸ்டமர்கள் அப்லோடு பண்ணின டாக்குமென்ட் எல்லாம் போச்சு. எஸ்3-ல வெர்ஷனிங் தானா ஆன் ஆகியிருக்காது, நாமதான் ஆன் பண்ணணும். நாங்க பண்ணலை. முந்தின நாள் ராத்திரி எடுத்த பேக்கப் இருந்ததால பெரும்பகுதி திரும்பி வந்துச்சு. அன்னிக்குக் காலையில வந்த ஃபைல்கள் மட்டும் வரவே இல்லை. ஒவ்வொருத்தரா போன் பண்ணி “திரும்ப அனுப்புங்க”ன்னு கேட்டோம்.

மீட்டிங்ல மேனேஜர் கேட்ட முதல் கேள்வி, “யார் ரன் பண்ணது?” அவ கையைத் தூக்கினா. வெளியே வந்ததும் என்கிட்ட, “அண்ணா, ஸ்டேஜிங்னு நினைச்சுத்தான் ஓட்டினேன்”னு சொன்னா. ஸ்டேஜிங் ஸ்கிரிப்டுக்குப் புரொடக்‌ஷனை அழிக்கிற அனுமதி எப்படி வந்துச்சுன்னு அந்த ரூம்ல யாரும் கேட்கலை. எனக்குப் பதில் தெரியும். நானும் வாயைத் திறக்கலை.

கம்மியா கொடுத்தா கத்தும், அதிகமா கொடுத்தா கத்தாது

பர்மிஷன்ல தப்பு ரெண்டு வகை. தேவையைவிடக் கம்மியா கொடுத்தா உடனே எரர் வரும், ஸ்லாக்ல பத்துப் பேர் கத்துவாங்க, அரை மணி நேரத்துல சரியாகிடும். அதிகமா கொடுத்தா ஒண்ணுமே நடக்காது. ஆப் ஓடும், டெஸ்ட் எல்லாம் பச்சையா வரும், எல்லாரும் சந்தோஷமா இருப்பாங்க. அந்தத் தப்பு வெளியே தெரியறது, யாராவது தெரியாம அதை மிதிக்கும்போது. இல்லேன்னா, தெரிஞ்சே ஒருத்தர் உள்ளே வரும்போது.

தெரிஞ்சே உள்ளே வந்ததுக்கு எல்லாருக்கும் தெரிஞ்ச உதாரணம் அமெரிக்காவின் கேபிடல் ஒன் வங்கி. 2019 ஜூலையில வெளியே வந்த விஷயம். அமெரிக்காவில சுமார் 10 கோடிப் பேர், கனடாவில சுமார் 60 லட்சம் பேரோட தகவல் வெளியே போச்சு. தாக்கினவர் வெப் அப்ளிகேஷன் ஃபயர்வாலை ஏமாத்தி, அது ஓடின சர்வரோட ரோலுக்குரிய தற்காலிகச் சாவிகளை வாங்கிட்டார். அதுவரைக்கும் ஒரு ஓட்டை. ஆனா அந்தச் சாவியை வெச்சு எஸ்3 பக்கெட்டுகளைப் பட்டியல் போட முடிஞ்சது, உள்ளே இருந்ததை இறக்கவும் முடிஞ்சது. வாசல்ல நிக்கிற செக்யூரிட்டிக்கு எதுக்குப்பா பீரோ சாவி? அடுத்த வருஷம் ஆகஸ்ட்ல அமெரிக்க வங்கிக் கண்காணிப்பு அமைப்பு 8 கோடி டாலர் அபராதம் போட்டது.

நாம சாதாரணமா டெஸ்ட் எழுதறப்போ “இது வேலை செய்யுதா?”ன்னு கேட்போம். பர்மிஷனுக்கு அது போதாது. “இது வேலை செய்யாம இருக்கா?”ன்னும் கேட்கணும்.

அழிக்காமலேயே கேட்டுப் பார்க்கலாம்

புரொடக்‌ஷனை அழிக்க முடியுமான்னு அழிச்சுப் பார்த்து டெஸ்ட் பண்ண முடியாதுல்ல? அதுக்குத்தான் ஐ.ஏ.எம். பாலிசி சிமுலேட்டர். பிரவுசர்லயும் இருக்கு, ஆனா நமக்கு வேண்டியது அதோட ஏ.பி.ஐ. பைத்தான்ல போட்டோ3 தெரிஞ்சவங்களுக்குப் பத்து வரி. காசு கிடையாது.

அதுல முக்கியமா ரெண்டு அழைப்பு. முதலாவது “சிமுலேட் கஸ்டம் பாலிசி”. பாலிசியோட ஜேசனையே நேரா கொடுத்துக் கேட்கலாம். இன்னும் டிப்ளாய் ஆகாத, புல் ரிக்வெஸ்ட்ல இருக்கிற பாலிசிக்கு இது. ரெண்டாவது “சிமுலேட் பிரின்சிபல் பாலிசி”. ஏற்கெனவே இருக்கிற ஒரு யூசர், குரூப் அல்லது ரோலைக் காட்டி, அதுல ஒட்டியிருக்கிற பாலிசிகளை எல்லாம் சேர்த்து வெச்சுக் கேட்கலாம். ராத்திரி யாராவது கன்சோல்ல கையால எதையாவது ஒட்டிட்டுப் போயிருந்தா இதுல மாட்டும். (ராத்திரி கையால ஒட்டினவன்தான் சொல்றேன், நம்புங்க.)

கேள்வியில மூணு விஷயம்: யாரு, என்ன ஆக்‌ஷன், எந்த ரிசோர்ஸ். “கிளீனப் ரோல், டெலீட் ஆப்ஜெக்ட், புரொடக்‌ஷன் பக்கெட்.” உண்மையில எதுவும் அழியாது, பதில் மட்டும் வரும். இதை பைடெஸ்ட்ல ஒரு அசர்ட்டா எழுதி சி.ஐ.ல மாட்டிட்டா, ஒவ்வொரு மாற்றத்துக்கும் தானா ஓடும். ஒண்ணு மட்டும் கவனிங்க, இந்த அழைப்புக்கே தனி அனுமதி வேணும். சி.ஐ. ரோலுக்கு அதை மட்டும் கொடுங்க. டெஸ்ட் பண்றவனுக்கே ஸ்டார் கொடுத்துடாதீங்க.

இன்னொரு பொறி. ரிசோர்ஸைக் குறிப்பிடாம விட்டா அது “ஸ்டார்”னு எடுத்துக்கும். ஒரே ஒரு பக்கெட்டுக்கு மட்டும் அனுமதி இருக்கிற ரோல்கிட்ட அப்படிக் கேட்டா “இல்லை”ன்னுதான் பதில் வரும். நம்ம டெஸ்ட் பச்சையா இருக்கும், காரணம் தப்பா இருக்கும். அதனால ஒவ்வொரு “முடியாது” டெஸ்டுக்கும் பக்கத்துல ஒரு “முடியும்” டெஸ்ட் வைங்க. ஸ்டேஜிங்ல அழிக்க முடியணும், புரொடக்‌ஷன்ல முடியக்கூடாது. ரெண்டும் சேர்ந்து பாஸ் ஆனாத்தான் அர்த்தம்.

ரெண்டு விதமான “இல்லை”

பதில் மூணு வகையில வரும். “அலவ்ட்”, “இம்ப்ளிசிட் டினை”, “எக்ஸ்ப்ளிசிட் டினை”. பின்னாடி வர்ற ரெண்டும் “இல்லை”தானே, எதுக்கு ரெண்டு பேருன்னு நானும் ஆரம்பத்துல நினைச்சேன்.

இம்ப்ளிசிட் டினைன்னா, யாரும் அனுமதி கொடுக்கலை, அதனால இல்லை. நாளைக்கு ஒருத்தர் இன்னொரு பாலிசியை ஒட்டினா அந்த “இல்லை” “ஆமா” ஆகிடும். எக்ஸ்ப்ளிசிட் டினைன்னா, கூடாதுன்னு ஒரு வரி எழுதியே வெச்சிருக்கு. அதுக்கப்புறம் எத்தனை அலவ் வந்தாலும் டினைதான் ஜெயிக்கும். அதனால ரொம்ப ஆபத்தான விஷயங்களுக்கு, பதில் “அலவ்ட் இல்லை”ன்னு இருந்தா போதும்னு டெஸ்ட் எழுதாதீங்க. “எக்ஸ்ப்ளிசிட் டினை”ன்னே வரணும்னு எழுதுங்க. அந்த டினை வரியை யாராவது தூக்கின அன்னிக்கே டெஸ்ட் சிவப்பாகும்.

டினை வரி இருந்தாலே போதுமா? அதுவும் போதாது. “எம்.எஃப்.ஏ. இல்லேன்னா டினை”ன்னு நிறையப் பேர் எழுதுவாங்க. கண்டிஷன்ல “பூல்”னு போட்டு, எம்.எஃப்.ஏ. பிரசன்ட் ஃபால்ஸ்னு எழுதுவாங்க. படிக்கச் சரியாத்தான் இருக்கும். ஆனா யூசரோட நிரந்தர ஆக்சஸ் கீயை வெச்சு கமாண்ட் லைன்லேர்ந்து வர்ற ரிக்வெஸ்ட்ல அந்த எம்.எஃப்.ஏ. விவரமே இருக்காது. ட்ரூவும் இல்லை, ஃபால்ஸும் இல்லை. கண்டிஷன் பொருந்தாது, டினையும் வேலை செய்யாது. கதவு திறந்தே கிடக்கும். அதுக்கு “பூல் இஃப் எக்ஸிஸ்ட்ஸ்”னு எழுதணும்.

இதை சிமுலேட்டர்ல கண்டுபிடிக்கலாம். கான்டெக்ஸ்ட் விவரத்தையும் கேள்வியோட அனுப்ப முடியும். ஒரே கேள்வியை மூணு தடவை கேளுங்க: எம்.எஃப்.ஏ. ட்ரூன்னு கொடுத்து, ஃபால்ஸ்னு கொடுத்து, கொடுக்கவே கொடுக்காம. மூணாவதுலதான் குட்டு வெளிப்படும். நீங்க கொடுக்காம விட்ட விவரம் எதுன்னும் பதில்லயே ஒரு பட்டியல் வரும். அதைப் படிங்க.

சிமுலேட்டர் பார்க்காத பக்கம்

இனி குறைகள். பக்கெட் பக்கத்துலயும் ஒரு பாலிசி இருக்கலாம். சிமுலேட்டர் அதைத் தானா போய்ப் படிக்காது. நாமளே கொடுக்கலாம்னா, ரோல்களுக்கு அந்த வசதி கிடையாது. இதோட விளைவு முக்கியம். ரோல்ல அனுமதி இல்லேன்னாலும், அதே அக்கவுன்ட்ல இருக்கிற பக்கெட்டோட பாலிசி அந்த ரோலுக்கு அனுமதி கொடுத்திருக்கலாம். சிமுலேட்டர் “இம்ப்ளிசிட் டினை”ன்னு சொல்லும், நிஜத்துல ஃபைல் திறக்கும். ரோல்லயே எக்ஸ்ப்ளிசிட் டினை இருந்தா பக்கெட் என்ன சொன்னாலும் செல்லாது. அதைத் தேடித்தேடி டெஸ்ட் பண்ணச் சொன்னதுக்கு இது ரெண்டாவது காரணம்.

அதனால சிமுலேட்டரோட நிறுத்திக்காதீங்க. தனியா ஒரு டெஸ்ட் அக்கவுன்ட் வெச்சு, அந்த ரோலாவே மாறி, நிஜமாவே ஒரு டம்மி ஃபைலை அழிக்கப் பாருங்க. “ஆக்சஸ் டினைட்” வந்தா பாஸ். ஈ.சி.2-வுல “ட்ரை ரன்”னு ஒரு வசதி இருக்கு, செய்யாமலேயே அனுமதி உண்டா இல்லையான்னு சொல்லும். எஸ்3-ல அது இல்லை. கூகுள் கிளவுட்ல இருக்கிறவங்க “டெஸ்ட் ஐ.ஏ.எம். பர்மிஷன்ஸ்”ங்கிற அழைப்பைப் பாருங்க. நீங்க கொடுக்கிற பட்டியல்ல உங்களுக்கு உண்மையில எவையெல்லாம் இருக்கோ அதை மட்டும் திருப்பிக் கொடுக்கும்.

இன்னொண்ணு, சிமுலேட்டர் நாம கேட்ட கேள்விக்கு மட்டும்தான் பதில் சொல்லும். நமக்குத் தோணாத கேள்வி? அதுக்கு 2023 நவம்பர்ல ஐ.ஏ.எம். ஆக்சஸ் அனலைசர்ல “செக் நோ நியூ ஆக்சஸ்”னு ஒரு அழைப்பு வந்தது. பழைய பாலிசி, புதுப் பாலிசி ரெண்டையும் கொடுத்தா, பழசுல இல்லாத அனுமதி புதுசுல ஏதாவது நுழைஞ்சிருக்கான்னு சொல்லும். இதுக்கு அழைப்புக்கு இவ்வளவுன்னு காசு உண்டு. மாற்றம் வரும்போது மட்டும் ஓட்டினா தாங்கும்.

அந்த டெஸ்ட் ஃபைலோட முதல் வரி

அந்தப் பொண்ணு கதைக்கு வர்றேன். அன்னிக்கு ராத்திரி எனக்குத் தூக்கம் வரலை. மறுநாள் காலையில டீம் முழுக்க மெயில் போட்டேன். “அந்த ரோலுக்கு ஸ்டார் கொடுத்தது நான். எந்தத் தேதியில கொடுத்தேன்னு லாக்ல இருக்கு. அவ ஒரு வேரியபிளைத் தப்பா வெச்சா. அந்தத் தப்பு புரொடக்‌ஷன் வரைக்கும் போக வழி விட்டது நான்.” மேனேஜர் என்னைக் கூப்பிட்டுத் திட்டினார், வாங்கிக்கிட்டேன். அவ பேர் அந்த ரிப்போர்ட்லேர்ந்து போச்சு. ஆனா ஒரு நாள் முழுக்க அவ தனியா அதைச் சுமந்தா. அதை எந்த மெயிலாலயும் திருப்பி எடுக்க முடியாது.

அந்த வாரம் நாங்க ரெண்டு பேரும் சேர்ந்து உட்கார்ந்து டெஸ்ட் எழுதினோம். முதல் டெஸ்டை அவளே எழுதினா: கிளீனப் ரோல், புரொடக்‌ஷன் பக்கெட், டெலீட் ஆப்ஜெக்ட், எக்ஸ்ப்ளிசிட் டினை. முதல் தடவை ஓட்டினப்போ சிவப்பா வந்துச்சு, ஸ்டார் இன்னும் அங்கேயேதான் இருந்தது. சரி பண்ணிட்டு மறுபடி ஓட்டினோம். பச்சை.

இந்த வாரம் உங்களுக்கு ஒரு வேலை. உங்க புராஜெக்ட்ல ஒரே ஒரு ரோலை எடுங்க, ஸ்டார் இருக்கிறதா பார்த்து எடுத்தா இன்னும் நல்லது. அது செய்யவே கூடாத மூணு விஷயத்தைப் பேப்பர்ல எழுதி, சிமுலேட்டர்கிட்ட கேளுங்க. மூணுக்கும் “இல்லை”ன்னு வந்தா, அது எந்த “இல்லை”ன்னு பாருங்க. ஒண்ணுக்காவது “அலவ்ட்”னு வந்தா, அதை இன்னிக்கே சரி பண்ணிடுங்க. நாளைக்குன்னு வெச்சா என்ன ஆகும்னு மேலேயே சொல்லிட்டேன்.

அடுத்த எபிசோட்ல பார்ப்போம். வணக்கம்.