கவிஞன் சாவும் கடவுள் தண்டனையும்

(காரைக்குடியில் செய்த சொற்பொழிவு)



இன்று நாம் பேச எடுத்துக்கொண்ட விஷயம் கிறிஸ்டோபர் மார்லோ என்கின்ற இங்கிலீஷ் நாடகக் கவிஞனின் சரித்திரத்தைப் படித்தவர்கள் எப்படி எழுதினார்கள் என்பதாகும். காரைக்குடியில் வந்து இதை ஏன் பேச வேண்டும் என்று சிலர் நினைக்கலாம். இந்த ஊரில்தான் பேச வேண்டும். ஏனெனில், 1939-ல் சா. கணேசன் அவர்கள் இங்கு கம்பன் கழகம் ஏற்படுத்தினார். பங்குனி தோறும் விழா நடக்கிறது. கடைசி நாள் நாட்டரசன்கோட்டைக்குப் போய் கம்பர் சமாதியில் கூடுகிறார்கள். அந்தச் சமாதி மண்ணைக் குழந்தை நாக்கில் வைத்தால் படிப்பு வரும் என்று நம்புகிறவர்களும் உண்டு.

சரி, அந்தக் கம்பர் எந்த வருஷம் செத்தார்? ஒரு தனிப்பாட்டை நம்பினால் அவர் 885-ல் இராமாயணத்தை அரங்கேற்றியவர். ஆராய்ச்சிக்காரர்களில் பலரை நம்பினால் 12-ம் நூற்றாண்டுக்காரர். இடையில் சுமார் 300 வருஷம்! நூறு ரூபாய் கடன் கொடுத்தால் சிட்டையில் எழுதி, பேரேட்டில் ஏற்றி, வட்டிக் கணக்கும் போட்டு வைக்கின்ற ஊர் இது. கவிஞன் கணக்கில் மட்டும் 300 வருஷம் துண்டு விழுந்தால் யாருக்கும் வயிறு எரிவதில்லை.

நிற்க, மார்லோ சங்கதிக்கு வருவோம். அவன் 1564-ல் காண்டர்பரியில் ஒரு செருப்புத் தைப்பவர் மகனாய்ப் பிறந்தவன். உபகாரச் சம்பளம் பெற்று கேம்பிரிட்ஜில் படித்தான். (நம் நாட்டில் அக்காலத்தில் செருப்புத் தைப்பவர் மகன் எந்தப் பாடசாலைத் திண்ணையில் ஏறியிருக்க முடியும் என்பதை நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.) டாம்பர்லேன், டாக்டர் பாஸ்டஸ், மால்டா யூதன், இரண்டாம் எட்வர்டு முதலிய நாடகங்கள் எழுதினான். 1593-ம் வருஷம் மே மாதம் 30-ந் தேதி, 29-வது வயதில் குத்துப்பட்டுச் செத்தான். அவன்மேல் நாஸ்திகன் என்ற குற்றச்சாட்டு இருந்தது.

வேறென்ன வேண்டும் பாதிரிகளுக்கு? 1597-ல் தாமஸ் பியர்டு என்பவர், பிற்காலத்தில் ஆலிவர் கிராம்வெல்லுக்கு உபாத்தியாயராயிருந்தவர், கடவுள் தண்டனைகளைப் பற்றி ஒரு புத்தகம் போட்டார். மார்லோ லண்டன் தெருவில் ஒருவனைக் குத்தப் போனான், அந்தக் கத்தியே திரும்பி அவன் தலையில் பாய்ந்தது, கடவுளை வைதுகொண்டே செத்தான் என்று அதில் எழுதினார். மறு வருஷம் இன்னொருவர், காதல் போட்டியில் ஒரு வேலைக்காரன் குத்தினான் என்றார். மாதா கோயில் புதைப்புக் கணக்கில் குத்தினவன் பேர் இருந்தும், அதையும் தப்பாக வாசித்து "ஆர்ச்சர்" என்று வெகுகாலம் சொல்லிக்கொண்டிருந்தார்கள். இப்படி 300 வருஷத்திற்கு மேல் நாஸ்திகன் கதியைப் பார் என்று பிரசங்கம் செய்ய இவன் சாவு உதவிற்று.

லெஸ்லி ஹாட்சன் என்கிற ஆராய்ச்சிக்காரர் லண்டன் அரசாங்கத் தஸ்தாவேஜு நிலையத்தில் வேறெதையோ தேடும்போது இங்கிராம் பிரைசர் என்ற பேரைக் கண்டார். அந்தப் பேரைப் பிடித்துக்கொண்டே போய், கடைசியில் லத்தீனில் எழுதிய பிரேத விசாரணைப் பத்திரத்தையே கண்டெடுத்து 1925-ல் புத்தகமாக வெளியிட்டார். அதில் இருப்பதென்ன? இடம் லண்டன் தெருவல்ல, டெப்ட்போர்டில் எலினார் புல் என்ற அம்மாளின் வீடு. உடனிருந்தவர் மூன்று பேர். சாப்பாட்டுக் கணக்கில் சச்சரவு. வலது கண்ணுக்கு மேல் இரண்டு அங்குல ஆழக் காயம். 16 ஜூரிகள். குத்திய பிரைசருக்கு ஒரு மாதத்திற்குள் ராணியின் மன்னிப்பு! உடனிருந்தவரில் ராபர்ட் போலி அரசாங்க ஒற்றன். மார்லோவே ராணிக்கு நல்ல சேவை செய்தவன் என்று 1587-ல் பிரிவி கவுன்சில் கேம்பிரிட்ஜுக்கு எழுதியிருந்தது. ஆகவே இது கணக்குச் சண்டையா, ஒற்றர் விவகாரமா என்பது இன்றும் வழக்காகவே இருக்கிறது. 1942-ல் பேக்லெஸ் இரண்டு பாகமாக எழுதினார். 1992-ல் நிக்கல் கொலைதான் என்று வாதாடினார். மற்றவர்கள் மறுத்தார்கள். ஆனால் கடவுள் கத்தியைத் திருப்பினார் என்று எழுத அவர்களில் எவரும் துணியவில்லை.

இனி நம்மவர்களுக்கும் ஒரு வார்த்தை. மார்லோ நம் கட்சி, பெரிய நாஸ்திகன் என்று நம் தோழர்கள் சிலர் பெருமையாகப் பேசுகிறார்கள். அதற்கு ஆதாரமென்ன? முக்கியமாக ரிச்சர்டு பெயின்ஸ் என்ற ஒற்றன் எழுதிக் கொடுத்த குறிப்பு. அந்த ஆசாமியும் மார்லோவும் 1592-ல் பிளஷிங்கில் கள்ள நாணயக் கேசில் ஒருவர்மேல் ஒருவர் பழி சுமத்தியவர்கள் என்பதற்குக் கடிதம் அகப்பட்டிருக்கிறது. இன்னொரு சாட்சி தாமஸ் கிட், சித்திரவதைப்பட்ட பிறகு சொன்னவர். விரோதி வாக்குமூலத்தையும் அடித்து வாங்கின வாக்குமூலத்தையும் பாதிரி நம்பினால் புரட்டு, நாம் நம்பினால் பகுத்தறிவா? மார்லோ நாஸ்திகனாயிருந்திருக்கலாம். ருஜுவாயிற்று என்று மட்டும் நாம் சொல்லக் கூடாது.

கம்பருக்கு வருவோம். காளி பந்தம் பிடித்தாளாம். ஸ்ரீரங்கத்தில் நரசிம்மர் சிலை தலையை அசைத்ததாம். மகன் அம்பிகாபதி சோழன் மகளைக் காதலித்துத் தலை போனானாம். மகன் போன துக்கத்தில் தகப்பன் அலைந்து நாட்டரசன்கோட்டையில் வந்து செத்தாராம். இவற்றில் பலவற்றைப் போன நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டில் அஷ்டாவதானம் வீராசாமி செட்டியார் விநோதரச மஞ்சரியில் சுவையாக எழுதினார். பிறகு சினிமாக்காரர்கள் 1937-லும் 1957-லும் படமாக்கினார்கள். காசு கொடுத்துப் பார்த்து அழுதவர்களை நாம் குறை சொல்லவில்லை. அழுததையே ஆதாரமென்று நீட்டுவதைத்தான் சொல்லுகிறோம். அவர் உவச்சர் குலத்தில் பிறந்தவர் என்றொரு வழக்கு உண்டு. கோயிலில் கொட்டு அடிக்கும் குலத்தான் அவ்வளவு பெரிய காவியம் செய்தான் என்றால் அதுவல்லவோ தேடிப் பார்க்க வேண்டிய சங்கதி! அதை விட்டுக் காளியின் பந்தத்தைப் பிடித்துக்கொண்டிருக்கிறோம்.

இராமாயணத்தைப் பற்றி நம் இயக்கம் கொண்ட அபிப்பிராயம் ஊரறிந்தது. 1943-ல் தோழர் அண்ணாதுரை அவர்கள் சென்னையில் ரா. பி. சேதுப்பிள்ளை அவர்களுடனும், சேலத்தில் சோமசுந்தர பாரதியார் அவர்களுடனும் வாதாடினார். அதில் ஒரு எழுத்தையும் நாம் வாபஸ் வாங்கவில்லை. ஆனால் நூலைக் கண்டிக்கிறவனுக்கும் அதைச் செய்தவன் யாரென்று நேர்மையாய் அறியும் கடமை உண்டு. புகழுகிறவனுக்கோ இரட்டிப்பாக உண்டு.

ஆதாரம் இனி எங்கே கிடைக்கும் என்பீர்கள். பக்கத்துக் கோட்டையூரில் விளம்பரப் பலகை எழுதும் தொழில் செய்த ரோஜா முத்தையா அவர்கள், பிறர் குப்பை என்று கழித்த புத்தகங்களையும் பத்திரிகைகளையும் துண்டு நோட்டீசுகளையும் கைக்காசு போட்டுச் சேர்த்தார். அவர் 1992-ல் காலமான பின் அமெரிக்காவிலிருந்து சிகாகோ பல்கலைக்கழகத்தார் வந்து விலை கொடுத்து வாங்கிய பிறகுதான் அதன் பெருமை நமக்குத் தெரிந்தது. அது இன்று சென்னையில் நூலகமாயிருக்கிறது. இந்தச் சீமையில் பூட்டிக் கிடக்கும் பெரிய வீடுகளின் பெட்டகங்களில் ஓலைச்சுவடியும் பழங்கணக்கும் எவ்வளவு இருக்குமோ! தேக்குத் தூணுக்கு விலை பேச ஆள் வருகிற அன்று ஓலைக்கட்டைத் தெருவில் போடாதீர்கள். வாசிக்கத் தெரிந்த ஒருவரை அழைத்துக் காட்டுங்கள். அது ராமன் பேரைச் சொன்னாலும் சரி, புளி மிளகாய் விலையைச் சொன்னாலும் சரி.