அடிமைத் தளையும் தாய்மொழியும்

(சேர்வராயன் மலை, கிளியூரில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவு)



ஏர்க்காட்டு ஏரியின் மிகைநீரே இக் கிளியூரில் அருவியாய் வீழ்கின்றது. இம் மலைச்சரிவுகளெங்கும் குளம்பித் தோட்டங்கள் உள்ளன. மக்கள் காப்பி என்று வழங்குவது குளம்பியையே. இச் செடி இம் மலைக்குரியதன்று. ஆப்பிரிக்காவின் எத்தியோப்பிய மேட்டுநிலத்தில் தோன்றியது. 1820களில் சேலத்துத் தண்டலராயிருந்த காக்பர்ன் என்னும் வெள்ளையரே இதனை இங்குக் கொணர்ந்தவர்.

ஆப்பிரிக்கச் செடியைப் பேணி வளர்த்த வெள்ளையர், ஆப்பிரிக்க மக்களையோ விலங்கிட்டு விற்றனர்! ஏறத்தாழ நானூறு ஆண்டுகளில் 1 கோடியே 25 இலக்கம் பேர் அமெரிக்கக் கண்டம் நோக்கிக் கப்பலேற்றப்பட்டனர். கடலிலேயே மாண்டோர் ஏறத்தாழ 18 இலக்கம். பிழைத்தோர் கரும்பும் குளம்பியும் பருத்தியும் விளைத்தனர். அவர்தம் உழைப்பு மட்டுமா கொள்ளை போயிற்று? பெயர் போயிற்று, மொழியும் போயிற்று. தென் கரோலினாவில் 1740ஆம் ஆண்டுச் சட்டம், அடிமைக்கு எழுதக் கற்பிப்பதையே குற்றமாக்கியது.

1865இல் அமெரிக்க ஒன்றிய நாடுகளில் அடிமைமுறை ஒழிந்தது. ஆயின், இழந்த மொழி மீளவில்லை. 1930களின் தொடக்கத்தில் இலாரன்சோ தர்னர் என்னும் கறுப்பின மொழியறிஞர் சியார்சியாக் கடற்கரையில் அமெலியா தாலி என்னும் பெண்மணி பாடிய ஒரு பாட்டைப் பதிவு செய்தார். பாடியவருக்கே அதன் பொருள் தெரியாது. தாய்வழி வந்த பாட்டென்பது மட்டுமே தெரியும். அது மேற்கு ஆப்பிரிக்கச் சியரா இலியோனின் மெண்டே மொழிப்பாட்டு! 1990இல் அந்நாட்டுச் சிற்றூர் ஒன்றில் அதே பாட்டை அறிந்த பெண்மணி கண்டறியப்பட்டார். அஃது இறந்தோர்க்கான சடங்கிற் பாடப்படுவது. 1997இல் அமெலியாவின் மகள் மேரி மோரன் அவ்வூருக்கே சென்றார். கடலும் காலமும் பிரித்த உறவை ஒரு பாட்டு கூட்டிவைத்தது.

இவ் வரலாறு தமிழர்க்கு வேற்றார் கதையன்று. 1848இல் பிரஞ்சு ஆட்சிப்பகுதிகளில் அடிமைமுறை ஒழிந்ததும், ஆப்பிரிக்கர் விடுத்த கரும்பு வயல்களில் ஒப்பந்தக் கூலிகளாய் நிறுத்தப்பட்டோருள் பெரும்பகுதியினர் தமிழரே. 1853இல் மார்த்தினிக்குத் தீவிலும் 1854இல் குவாதலூப்புத் தீவிலும் அவர்தம் முதற்கப்பல்கள் கரைசேர்ந்தன. குவாதலூப்புக்கு மட்டும் சென்றோர் நாற்பதாயிரத்திற்கு மேற்பட்டோர். அங்கு வாக்குரிமைக்காக இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வழக்காடிய என்றி சிதம்பரத்தின் பெயரில் தமிழ் உண்டு. அவர் வழியினர் நாவில் இல்லை. கோயில்களில் பொருளறியாமற் பாடப்படும் பாட்டுகளாகத் தமிழ் எஞ்சியுள்ளது.

ஆகவே, ஆப்பிரிக்கரைக் கறுப்பரென்று எள்ளும் தமிழன் தன் உடன்பிறப்பையே எள்ளுகின்றான். ஒரே வயலில் ஒரே ஆண்டைக்கு உழைத்தவர் இவ்விருவரும்!

கடைசியாக ஒன்று. அங்கே தமிழ் அழிந்தது, கற்பிக்கப் பள்ளியின்றி. இங்கே, இந்த மலையில், எந்த விலங்கும் இல்லை. இருந்தும் பிள்ளைக்குத் தமிழ்ப்பெயர் இடக் கூசுகின்றனர். தமிழில் கற்பிக்க நாணுகின்றனர். பறிகொடுத்தவர் மக்கள் ஒரு பாட்டைத் தேடிக் கடல் கடந்தனர். கையில் வைத்திருப்பவரோ கீழே எறிகின்றனர். எறிந்ததைத் தேடி நாளை எந்தக் கடலைக் கடப்பது?

எண்ணுக! இன்றே தமிழைப் பேணுக!