தபாலில் போன நூலகம்
(பழைய மாணவர் சந்திப்பு விழாவில் ஆற்றிய உரை)



சாதித்தவர்கள் பலர் பேசிவிட்டார்கள். நான் தோற்றுப்போன ஒரு கதையைச் சொல்ல வந்திருக்கிறேன்.

1999-இல் அமெரிக்காவின் நெட்ஃபிளிக்ஸ் மாதச் சந்தாவுக்கு டிவிடி அனுப்ப ஆரம்பித்தது. திருப்பித் தரத் தேதி கிடையாது, அபராதமும் கிடையாது. பார்த்துவிட்டுத் தபாலில் போட்டால், பட்டியலில் உள்ள அடுத்த படம் வரும். 2007-இல் நியூ ஜெர்சியில் புக்ஸ்விம் என்ற நிறுவனம் இதையே புத்தகத்துக்குச் செய்தது. விடுதி அறையில் இதைப் படித்துவிட்டு, "நாமும் செய்வோம்டா" என்று நானும் என் அறைத்தோழனும் முடிவெடுத்தோம். படிப்பு முடிந்து மூன்று வருடம் சம்பளத்தைச் சேர்த்து, 2013-இல் கோயம்புத்தூரில் தொடங்கினோம். நான் வெப்சைட் எழுதினேன். அவன் பார்சல் கட்டினான்.

மாதம் இருநூறு ரூபாய் சந்தா. அறுபத்திரண்டு பேர் சேர்ந்தார்கள். ஒன்பதாவது மாதம் கடையை மூடினோம்.

ஏன் தெரியுமா? ஒரு டிவிடியின் எடை ஏறக்குறைய 16 கிராம். சாதாரணக் கடித உறையில் போய்விடும். ஒரு நாவல் முந்நூறு, நானூறு கிராம். போக ஒரு செலவு, வர ஒரு செலவு. வேகமாகப் படிப்பவரால் தபால் செலவு ஏறியது. மெதுவாகப் படிப்பவரிடம் புத்தகம் முடங்கியது. 'பொன்னியின் செல்வன்' முதல் பாகம் கேட்டுப் பதினோரு பேர் காத்திருக்க, மற்ற நான்கு பாகங்களும் அலமாரியில் தூங்கின. வரிசையை ஒழுங்குபடுத்த நான் எழுதிய புரோகிராம் பிரமாதமாக வேலை செய்தது. அனுப்பத்தான் புத்தகம் இல்லை!

டெபாசிட்டைத் திருப்பித் தர என் நண்பன் பைக்கை விற்றான். எல்லோருக்கும் மணியார்டர் அனுப்பினோம். ஒன்று மட்டும் திரும்பி வந்தது. பொள்ளாச்சிப் பக்கத்துக் கிராமத்தில் ஓய்வுபெற்ற டீச்சர் அம்மா ஒருவர். படுத்த படுக்கையாக இருந்த கணவரை விட்டு வெளியே போக முடியாதவர். "பணம் வேண்டாம் தம்பி, அடுத்த புத்தகம் அனுப்புங்க" என்று கார்டு எழுதியிருந்தார்.

"டேய், அந்தம்மாவுக்கு என்னடா சொல்றது?" என்று நண்பன் கேட்டான். "அதான் மூடியாச்சேடா" என்றேன். பெங்களூரில் வேலை கிடைத்துப் போய்விட்டேன். அந்தக் கார்டுக்கு நான் பதில் எழுதவில்லை.

போன வருடம்தான் எனக்குத் தெரிந்தது. அதன்பிறகு இரண்டு வருடம் மாதம் ஒரு புத்தகம் தன் கைக்காசில் அனுப்பியிருக்கிறான் அவன். அந்த அம்மாவும் ஒன்று விடாமல் திருப்பி அனுப்பியிருக்கிறார். என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

சென்னைப் பல்கலைக்கழக நூலகராக இருந்த எஸ்.ஆர். ரங்கநாதன், 1931-இல் நூலகத்துக்கு ஐந்து விதிகள் வகுத்தார். ஒவ்வொரு வாசகருக்கும் அவருக்கான நூல் என்பது இரண்டாவது விதி. அவர் முதலில் கணக்கு வாத்தியார். நான் அறுபத்திரண்டு சந்தாதாரர்களை எண்ணினேன். என் நண்பன் ஒரு வாசகரைப் பார்த்தான்.

புக்ஸ்விம்மும் இன்று இல்லை. நெட்ஃபிளிக்ஸ்கூட 2023 செப்டம்பரில் டிவிடி அனுப்புவதை நிறுத்திவிட்டது. தொழில் வரும், போகும். தம்பி, தங்கைகளே! தொழில் தொடங்குங்கள்; தபால் செலவை முதலில் கணக்குப் போடுங்கள். மூட வேண்டி வந்தால், கடைசிக் கடிதத்துக்கும் பதில் எழுதிவிட்டு மூடுங்கள்.

சங்கத்துக்கு ஒரு வேண்டுகோள். வீட்டைவிட்டு வெளியே வர இயலாத நம் பழைய ஆசிரியர்கள் சிலர் இருக்கிறார்கள். அவர்களுக்கு மாதம் ஒரு புத்தகம் அனுப்புவோம். முதல் வருடச் செலவு என்னுடையது. பார்சல் கட்ட மூன்றாவது வரிசையில் ஓர் ஆள் உட்கார்ந்திருக்கிறான். அவனை நான் இன்னும் கேட்கவில்லை. மறுக்க மாட்டான்.